ஏரிக்கரை வழியில் வழக்கு ஏதும் இல்லை

அருள்,

இதை உறைக்குள் போட்டு ஒட்டாமல்தான் வைத்திருக்கிறேன். இதில் வருகிறவர்களில் இரண்டு பேர் உனக்கு முன்பே படித்துவிட்டார்கள்; அதன் பிறகுதான் இந்த முதல் பத்தியைச் சேர்த்தேன். மாடி அறையில் குடியிருக்கும் இசக்கி படித்துவிட்டு, "இம்புட்டு எழுதணுமா அத்தை? நேர்லயே சொல்லிறலாம்லா" என்றாள். உன் அப்பா படித்து முடித்து, பழையபடி மடித்து வைத்துவிட்டு, செகண்ட் ஷிஃப்ட்டுக்குக் கிளம்பிப் போனார். நேரில் சொல்லலாம்தான். ஆனால் நான் எதைத் தொடங்கினாலும் நீ "சரிம்மா, சரிம்மா" என்றபடியே எழுந்துவிடுகிறாய். நானும் அதோடு விட்டுவிடுகிறேன். நாம் இருவருமே அதிகம் பேசுகிறவர்கள் இல்லை. கிராம சபைக் கூட்டத்துக்குப் பிறகு நீ வீட்டில் உட்காரவே இல்லை. பூட்ஸ் வாங்க வேண்டும், போட்டோ எடுக்க வேண்டும், சிங்கப்பெருமாள் கோவிலில் நண்பனைப் பார்க்க வேண்டும் என்று ஏதாவது ஒரு வேலை. புதன்கிழமை நீ சப்-இன்ஸ்பெக்டர் பயிற்சிக்குப் போய்ச் சேர வேண்டும். அதற்கு முன்னால் ஒரு திங்கட்கிழமை இருக்கிறது. அந்தத் திங்கட்கிழமைக்காகத்தான் எழுதுகிறேன்.

முதலில் உன் சைக்கிள் ஞாபகம் வருகிறது. நீ ஏழாவது படிக்கும்போது படப்பையில் டியூஷனுக்கு வெளியே நிறுத்தியிருந்த சைக்கிளை யாரோ சங்கிலியை அறுத்துக் கொண்டுபோய்விட்டார்கள். அறுந்த சங்கிலியைப் பூட்டோடு கையில் தூக்கிக்கொண்டு நடந்தே வந்தாய். அப்பா அதை வாங்கிப் பார்த்துவிட்டு, "தொலைஞ்சிடுச்சின்னு சொல்லிட்டுப் போ. திருட்டுன்னா ஸ்டேஷனுக்குப் போவணும், நாளைக்கு வா, நாளான்னிக்கு வான்னுவான். லைன யார்கிட்ட வுட்டுட்டு நான் போய் நிக்கறது?" என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. அவருடைய கம்பெனியில் சூப்பர்வைசர் ஒரு நாள் வராவிட்டால் என்ன நடக்கும் என்று எனக்கும் தெரியும். ஆனால் நீ ஒத்துக்கொள்ளவில்லை. பக்கத்து வீட்டு அக்கா, "இன்னாடா, சைக்கிள தொலைச்சிட்டியாமே, அவ்ளோ பராக்கா?" என்று கேட்டபோது, "நான் ஒண்ணும் தொலைக்கல. அறுத்துக்கினு போய்ட்டாங்க" என்றாய். பால்காரரிடமும் சொன்னாய். கேட்காதவர்களிடமும் சங்கிலியைக் காட்டினாய். "எப்படிப் போனாலும் சைக்கிள் இல்லை, அவ்வளவுதானே" என்று நான் உன்னை அடக்கினேன். புள்ளியியல் படித்தவள் சொல்லியிருக்கக் கூடாத வாக்கியம் அது. நீ அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அதற்கு அடுத்த ஆண்டுதான் ஓர் ஆய்வு நிறுவனத்துக்காக இந்தப் பக்கம் வீடு வீடாகப் போய்க் கணக்கெடுக்கும் வேலை எனக்குக் கிடைத்தது. காவல் நிலையத்தில் பதிவாகும் குற்றங்களுக்கும் உண்மையில் நடக்கும் குற்றங்களுக்கும் எவ்வளவு தூரம் என்று பார்ப்பதற்கான கணக்கு. பதிவேட்டை நம்பாமல் மக்களிடமே கேட்பது. முதல் வீட்டிலேயே எனக்குப் பாடம் கிடைத்தது. பிள்ளைப்பாக்கத்தில் ஒரு அம்மா, முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். அச்சிட்டிருந்த கேள்வியை அப்படியே படித்தேன்: கடந்த ஓராண்டில் உங்கள் வீட்டில் யாராவது குற்றத்தால் பாதிக்கப்பட்டார்களா? "அதெல்லாம் ஒண்ணும் கெடையாதும்மா. நாங்க எந்த வம்பு தும்புக்கும் போறதில்ல." இல்லை என்று குறித்துக்கொண்டு எழுந்தேன். தண்ணீர் கொடுத்து அனுப்பும்போது பேச்சுவாக்கில் சொன்னார், பம்ப்செட் ஒயரை அறுத்துக்கொண்டு போய்விட்டதால் அந்தப் போகமே போய்விட்டது என்று. ஏன் இதை முதலில் சொல்லவில்லை என்று கேட்டேன். "நீ இன்னா கேட்ட? குத்தம் உண்டான்னுதானே கேட்ட? குத்தம்னா வெட்டு குத்து. இது ஒயரு" என்றார். அவருடைய மருமகள் உள்ளேயிருந்து சிரித்தாள். அன்று முதல் நான் அந்தக் கேள்வியைக் கடைசிக்குத் தள்ளினேன். உங்களிடமிருந்து யாராவது எதையாவது எடுத்துக்கொண்டு போனார்களா, யாராவது கை வைத்தார்களா, எந்த வழியில் போகப் பயப்படுகிறீர்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டேன். அப்படிக் கேட்டால் மக்கள் சொல்கிறார்கள், அருள். வீட்டு ஆண்கள் பக்கத்தில் இல்லாவிட்டால் இன்னும் கொஞ்சம் சொல்கிறார்கள். எதைக் கேட்டோம், யார் முன்னால் கேட்டோம் என்பதைப் பொறுத்து எண்ணே மாறிவிடுகிறது. இதைக் கண்ணால் பார்த்த பிறகு எந்த எண்ணையும் என்னால் முழுதாக நம்ப முடிந்ததில்லை.

அந்தக் கணக்கெடுப்பிலும் ஒரு ஓட்டை இருந்தது. ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிடுகிறவர்கள்தான் ஒரு குடும்பம் என்பது விதி. ஒரகடம் ரோட்டில் பெண்கள் விடுதி ஒன்று, நான்கு மாடி, எல்லா மாடியிலும் சுடிதார் காய்ந்தது. தென் மாவட்டங்களிலிருந்து வந்த பெண்கள். அவர்களுக்குச் சாப்பாடு கம்பெனி கேன்டீனிலிருந்து வந்தது. அடுப்பு இல்லை, ஆகவே குடும்பம் இல்லை, ஆகவே அந்தக் கட்டடத்தைத் தாண்டிப் போக வேண்டும். மேலதிகாரியிடம் கேட்டேன். "மேடம், அடுத்த ரவுண்டுல பாக்கலாம்" என்றார். அடுத்த ரவுண்டு வரவில்லை, நிதி நின்றுவிட்டது. போலீஸ் கணக்கிலும் இதே கதைதான். ஒரு சம்பவத்தில் பல குற்றங்கள் இருந்தாலும் ஆண்டுக் கணக்கில் கனமான ஒன்றுதான் ஏறும். லட்சம் பேருக்கு இத்தனை என்று வகுக்கிறார்களே, அந்த லட்சம் பழைய மக்கள்தொகைக் கணக்கிலிருந்து வருவது. இங்கே பாதி இடம் வயலாக இருந்தபோது எடுத்தது. ஷிஃப்ட் பஸ்ஸில் வந்து இறங்குகிற இந்தப் பிள்ளைகள் அந்த வகுத்தலில் மேலேயும் இல்லை, கீழேயும் இல்லை. அவர்களிடம் பறித்தது எந்தப் பட்டியலிலும் இல்லை.

அப்படிப்பட்ட பிள்ளைகளில் நான்கு பேருக்குத்தான் நம் மாடி அறையை வாடகைக்கு விட்டோம். பிறகு நடந்தது உனக்குத் தெரியும். ஆனாலும் எழுதுகிறேன், ஏனென்றால் நீ அதை உனக்கு எப்படிச் சொல்லிக்கொள்கிறாய் என்று எனக்குத் தெரியவில்லை. நைட் ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ் சர்வீஸ் ரோட்டில் இறக்கிவிட்டது. இசக்கி ஏரிக்கரை வழியாக நடந்து வந்துகொண்டிருந்தாள். விடிந்து வெளிச்சம் வந்துவிட்டது. பைக்கில் வந்த இருவர் கையிலிருந்த போனைப் பறித்தார்கள். அவள் விடாததால் கொஞ்ச தூரம் இழுத்துப் போட்டார்கள். வலது கை மணிக்கட்டு வீங்கி, முழங்கை தோலுரிந்து வந்து நின்றாள். நான் காயத்தைக் கழுவிக் கட்டினேன். நீ சட்டையை மாட்டிக்கொண்டு, "வா, ஸ்டேஷனுக்குப் போலாம்" என்று வண்டியை எடுத்தாய். நான் சொல்லாமலேயே எடுத்தாய். அதை நான் மறக்கவில்லை.

திரும்பி வரும்போது கையில் ஒரு மனு ரசீது இருந்தது. முதல் தகவல் அறிக்கை இல்லை. அதாவது மனு வந்தது என்பதற்கு அத்தாட்சி உண்டு, குற்றம் நடந்தது என்பதற்கு இல்லை. அவள் கையால் எழுத முடியாததால் மனுவை நீ எழுதிக் கொடுத்திருந்தாய், நகலைப் பார்த்தேன்: பேருந்திலிருந்து இறங்கி நடந்து வரும் வழியில் என் கைப்பேசி தொலைந்துவிட்டது. கீழே அவள் இடது கையால் போட்ட கோணல் கையெழுத்து. ஸ்டேஷனில் எழுத்து வேலை பார்க்கும் ஏட்டு, எல்லோரும் ரைட்டர் என்று கூப்பிடுகிறார்களே அவர்தான், சொன்னாராம்: "தொலைஞ்சிடுச்சின்னு எழுதிக் குடும்மா, இன்னிக்கே சிம்மு வாங்கிக்கலாம். பறிச்சாங்கன்னா எப்.ஐ.ஆர்., அப்புறம் அடையாளம் காட்ட வா, கோர்ட்டுக்கு வான்னுவாங்க. லீவு குடுப்பானா உன் கம்பெனில?" இசக்கி உன்னைப் பார்த்தாளாம். நீ, "அவர் சொல்றதும் சரிதான்" என்றாயாம். நீயே சாப்பிடும்போது என்னிடம் சொன்னாய். உன் வேலைக்கான நன்னடத்தை விசாரணைக் காகிதம் அப்போது அதே மேஜையில் இருந்தது என்பதை நீ சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

சில நாள் கழித்து அந்த ரைட்டரே உன்னைப் பற்றி விசாரிக்க வீட்டுக்கு வந்தார். நல்ல மனிதர், களைத்துப்போனவர். காபி வேண்டாம் என்று சொல்லிவிட்டுக் குடித்தார். அக்கம்பக்கத்தில் கேட்டதெல்லாம் எழுதி முடித்தபின், அந்தப் பெண் விஷயத்தை ஏன் வழிப்பறி என்று போடவில்லை என்று கேட்டேன். மெதுவாகத்தான் கேட்டேன். என் பிள்ளையின் காகிதம் அவர் கையில் இருந்தது. "மேடம், நீங்க படிச்சவங்க, உங்ககிட்ட சொல்றதுக்கு இன்னா. போன மாசத்தவிட இந்த மாசம் ஏறிச்சின்னா மீட்டிங்ல எங்க அய்யாவ எழுப்பி நிக்க வெப்பாங்க. அவரு வந்து எங்கள நிக்க வெப்பாரு. திருடனையா நிக்க வெப்பாங்க? நாங்க இன்னா திருடறமா?" என்று சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது. எழுந்து போகும்போது, "தம்பிக்கு ஒண்ணும் பிரச்சினை இல்ல. நம்ம ஆளு" என்றார். அந்தக் கடைசிச் சொல்தான் என்னை உறுத்தியது. ஆனாலும் வாசல்வரை போய் வழியனுப்பினேன்.

அதே அறையில் இருந்த மாரிக்கு நடந்ததை நீ அவ்வளவாகக் கவனித்திருக்க மாட்டாய். அப்போது உனக்கு மருத்துவப் பரிசோதனை. அதே ஏரிக்கரை வழி, அதே விடிகிற நேரம். மாரிக்கு இசக்கியைப் போல் பிடித்து நிற்கத் தெரியவில்லை. கழுத்துச் சங்கிலியை இழுத்த வேகத்தில் முகம் தரையில் மோதி, தாடை உடைந்தது. பின்னால் வந்தவர்கள் கம்பெனிக்கு ஆள் அனுப்பும் கான்ட்ராக்டருக்குச் சொல்ல, அவருடைய ஆள் வந்து மருத்துவமனைக்குக் கொண்டுபோனார். அங்கே என்ன ஆயிற்று என்று கேட்டதற்கு, "கால் தடுக்கி வுழுந்துட்டாங்க" என்று அவரே பதில் சொல்லிவிட்டார். வேலைக்குப் போய்வரும் வழியில் அடிபட்டது என்று விசாரணை வந்துவிடுமோ என்று அவருக்குப் பயம். மாரியால் வாயைத் திறக்க முடியவில்லை. ஆகவே மருத்துவமனையில் அது விழுந்த காயம். மருத்துவமனை தகவல் அனுப்பாததால் ஸ்டேஷனில் அது எதுவுமே இல்லை. சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து அவள் அப்பா வந்து அழைத்துக்கொண்டு போய்விட்டார். இப்போது கஞ்சி மட்டும்தான் இறங்குகிறதாம். ஒரு மேஜையில் தொலைந்தது, இன்னொரு மேஜையில் விழுந்தது. யாரும் பெரிய பொய் சொல்லவில்லை. ஆளுக்கு ஒரு சொல்லை மாற்றினார்கள், அதுவும் எதிரில் நின்றவர்களுக்கு உதவுவதாக நினைத்து.

கிராம சபைக்கு நான் வந்தது உனக்குப் பொன்னாடை போடுவதைப் பார்க்கத்தான். ஊரிலிருந்து முதல் எஸ்.ஐ. என்று தலைவர் உன்னைப் பெஞ்சில் பக்கத்திலேயே உட்கார வைத்தார். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது, அதை மறைக்கவில்லை. தீர்மானங்கள் படிக்கும்போது இசக்கி எழுந்து, ஏரிக்கரை வழியில் விளக்கு போடுங்கள், ஷிஃப்ட் விடுகிற நேரம் போலீஸ் ரோந்து கேளுங்கள் என்றாள். "உன் பேரு இந்த ஊரு ஓட்டர் லிஸ்ட்ல இருக்குதாம்மா?" என்றார் ஒருவர். "ஓட்டு அங்ஙன இருக்கு. நடக்கது இங்ஙனதான" என்றாள். கொஞ்சம் சிரிப்பு. தலைவர் அவளை விரட்டவில்லை. "லைட்டு போடறதுல எங்களுக்கு இன்னாம்மா நஷ்டம்? மேல எழுதினா காரணம் கேக்கறாங்க. ஸ்டேஷன்ல கேட்டேன். ஏரிக்கர வழில ஒரு கேஸும் இல்லன்றாங்க. இல்லாத எடத்துக்கு நான் இன்னான்னு எழுதுவேன்?" என்றார். பின்னாலிருந்து ஒரு குரல், "காதுல போன வெச்சிக்கினு லவ் பேசிக்கினே நடந்தா புடுங்கத்தான் செய்வான்" என்றது. இசக்கி அந்தப் பக்கம் திரும்பவில்லை. "அருள் அண்ணன்ட்ட கேளுங்க. அவ்வொதான் என்னயக் கூட்டிட்டுப் போனாவ" என்றாள். எல்லோரும் உன்னைப் பார்த்தார்கள். தலைவர், "இன்னா தம்பி?" என்றார். நீ, "போன் தொலைஞ்சிடுச்சின்னு ஒரு கம்ப்ளெயின்ட் குடுத்தோம்ணே" என்றாய். நழுவிய பொன்னாடையைத் தோளில் ஏற்றிவிட்டுக்கொண்டாய். அடுத்த தீர்மானம் குடிநீர்க் குழாய்.

இசக்கியும் நானும் வீட்டுக்கு நடந்து வந்தோம். கேட் அருகில் அவள் நின்று, "நான் தொலைக்கல அத்தை" என்றாள். இந்த வார்த்தையை இதே கேட்டில் நான் முன்பு ஒரு முறை கேட்டிருக்கிறேன். அப்போது சொன்னவனை அடக்கிவிட்டேன். இவளை அடக்க எனக்கு மனம் வரவில்லை, தெம்பும் இல்லை. மாடியில் இன்னும் இரண்டு பெண்கள் இருக்கிறார்கள். மாரி போன இடத்துக்குப் புதிதாக ஒருத்தி வந்திருக்கிறாள், பதினெட்டு முடிந்திருக்குமோ என்னவோ. அவர்கள் எல்லோருக்கும் அந்த ஒரு வழிதான். சுற்றிப் போனால் லாரி ரோடு.

இசக்கி திங்கட்கிழமை ஸ்டேஷனுக்குப் போய், போன் தொலையவில்லை, பறித்தார்கள் என்று புது மனு கொடுக்கப் போகிறாள். மாரியும் ஊரிலிருந்து எழுதி அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறாள். ரைட்டர் முதலில் என்ன சொல்வார் என்று உனக்குத் தெரியும். நீதானேம்மா தொலைந்துவிட்டது என்று எழுதிக் கொடுத்தாய் என்பார். எழுதியது நீ. அன்று காயத்தைப் பார்த்தவனும் நீ. நீ கூட நின்று நடந்ததைச் சொன்னால் அவர்களால் எளிதில் தட்டிக்கழிக்க முடியாது. சொன்னால் உனக்கு என்ன ஆகும் என்று எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. ஒன்றும் ஆகாமலும் போகலாம். வேலையில் சேரும் முன்பே ஸ்டேஷனுக்கு எதிராகப் பேசியவன் என்ற பெயர் உன் கூடவே வரலாம். அதைவிட மோசமாகவும் ஆகலாம். உன் அப்பா நேற்று என்னிடம் சண்டை போட்டார். "புள்ளைக்கு வேல கையில வர்ற நேரத்துல நீ கணக்கு பாத்துக்கினு கீற. அந்தப் பொண்ணு நாளைக்கே வேற ரூமுக்குப் போய்டும். இவன் முப்பது வருஷம் அந்த வேலையில இருக்கணும்." அவர் சொல்வதில் எதையும் என்னால் தள்ள முடியவில்லை. முப்பது வருஷம் என்பதுதான் என்னையும் தூங்கவிடவில்லை.

ஏனென்றால் நாளைக்கு மீட்டிங்கில் எழுந்து நிற்கப்போவது நீ. உன் ஸ்டேஷனில் வருகிற எல்லாவற்றையும் நீ நடந்தபடியே எழுதினால், பட்டியலில் உன் ஸ்டேஷன்தான் மோசமாகத் தெரியும். பக்கத்து ஸ்டேஷன்காரர் மனு ரசீதாகவே தள்ளிவிட்டுப் பாராட்டு வாங்குவார். பத்திரிகையில் உன் எல்லையில் குற்றம் பெருகிவிட்டது என்று போடுவார்கள். இதற்கு என்னிடம் மருந்து கிடையாது. எண் ஏறினால் குற்றம் ஏறிவிட்டது என்று நினைக்கிறவர்களோடுதான் நீ வேலை பார்க்க வேண்டும். இந்த நாடே அப்படித்தான் படிக்கிறது. நான் சொல்லக்கூடியது சின்ன விஷயம். யாராவது வந்து நிற்கும்போது பேனாவை எடுக்கும் முன் அவர்கள் சொல்வதை முழுக்கக் கேள். எது வசதி என்று நீ முந்திக்கொண்டு சொல்லாதே. பயந்து வந்தவர்களுக்கு நாம் சொல்லிக் கொடுக்கும் சொல்லே போதுமானதாகிவிடும், அதையே தாங்கள் சொன்னதாக எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். எண் ஏறி, உன்னை எழுப்பி நிற்க வைத்த நாளில் எனக்குப் போன் செய். நான் அறிவுரை சொல்ல மாட்டேன். கேட்டுக்கொள்வேன்.

உன்னை வா என்று கூப்பிட இதை எழுதவில்லை. பெற்றவள் கூப்பிட்டு வந்தால் அது வேறு. ஆனால் நான் இசக்கியோடு போகிறேன் என்பதை நீ முன்பே தெரிந்துகொள்ள வேண்டும். மற்றவர்கள் சொல்லி உனக்குத் தெரியக் கூடாது. பத்து மணிக்குக் கிளம்புவோம். அன்று அவளுக்கு வீக்லி ஆஃப். ஸ்கூட்டரில் இருவர்தான் போகலாம். நீயும் வருவதாக இருந்தால் காலையில் ஸ்கூட்டர் சாவியை ஆணியிலிருந்து எடுத்து உன்னிடம் வைத்துக்கொள். ஒன்றும் சொல்ல வேண்டாம், நாங்கள் புரிந்துகொண்டு உன்னோடு ஷேர் ஆட்டோவுக்கு நடப்போம். சாவி ஆணியிலேயே இருந்தால் நானும் எதுவும் கேட்கமாட்டேன். புதன்கிழமை உன் துணிகளை நான்தான் மடித்து வைப்பேன், முறுக்கு டப்பாவும் இருக்கும், எப்போதும் போல்தான் இருக்கும்.

அங்கே ரைட்டர் பழைய மனுவை எடுத்துப் பார்த்து, இது யார் எழுதியது என்று கேட்பார். என் மகன் என்று சொல்லிவிடுவேன்.

அம்மா